கடைமடையிலிருந்து கடற்பாலத்துக்கு

எங்கள் அடுப்படி ஜன்னலைத் திறந்தால் வேறொரு நாடு தெரியும். 2016 ஜூனில் உட்லண்ட்ஸில் இந்த வீவக (அரசு அடுக்குமாடி) வீட்டுக்கு வாடகைக்கு வந்த முதல் நாள், குக்கரை அடுப்பில் வைத்துவிட்டு வெளியே பார்த்தேன். தண்ணீருக்கு அந்தப் பக்கம் வரிசையாக உயரமான கட்டடங்கள். "அது சிங்கப்பூரில் எந்தப் பக்கம்?" என்று கணவரிடம் கேட்டேன். "சிங்கப்பூரே இல்லை. ஜொகூர் பாரு, மலேசியா" என்றார்.

இதில் சிரிப்பு என்னவென்றால், அதற்கு முன் நான்கு வருடம் மன்னார்குடிப் பக்கம் ஒரு தனியார் கல்லூரியில் நான் நடத்தியது பன்னாட்டு உறவுகள் பாடம். 'யதார்த்தவாதத்தின் கூறுகளை விளக்குக' என்று பத்து மதிப்பெண் கேள்வி வருஷா வருஷம் வரும். நாடுகள் அதிகாரத்தையும் சொந்த நலனையும் பார்த்தே நடக்கும் என்கிற கோட்பாடு அது. அதை எழுதியவர்களையும் நூல் வந்த வருடத்தையும் மார்கெந்தாவ் 1948, வால்ட்ஸ் 1979 என்று நானும் கரும்பலகையில் எழுதிப் போடுவேன். ஆனால் என் கண்ணால் பார்த்த எல்லை ஒன்றே ஒன்றுதான், காரைக்கால் எல்லை. அங்கே பெட்ரோல் விலை குறைவு என்று மாமா வண்டியை எடுத்துக்கொண்டு போவார். (இங்கே வந்த பிறகு தெரிந்தது, அந்த ஆசை உலகத்துக்கே பொது. மலேசியாவுக்குள் போகும் சிங்கப்பூர்க் கார்களின் டேங்க் முக்கால் பங்காவது நிறைந்திருக்க வேண்டும் என்று சட்டமே வைத்திருக்கிறார்கள்.)

டிபென்டன்ட் பாஸில் (கணவர் வேலையை வைத்துக் குடும்பத்துக்குக் கிடைக்கும் அனுமதி) வந்தவளுக்கு வேலை இல்லை. ஒரு பல்கலைக்கழகத்தில் மேற்படிப்புக்கு விண்ணப்பித்தேன், கிடைக்கவில்லை. மகனுக்கு அப்போது நான்கு வயது. காலையில் அவனைப் பாலர் பள்ளியில் விட்டுவிட்டு நூலகத்துக்குப் போவேன், தேக்கா சந்தையில் முருங்கைக்கீரை தேடுவேன், மத்தியானம் ஊர்ச் செய்தி பார்ப்பேன். அந்த செப்டம்பரில் ஊர்ச் செய்தி முழுக்கக் காவிரி. தமிழ்நாட்டுக்குத் தண்ணீர் திறக்கச் சொல்லி உச்ச நீதிமன்றம் உத்தரவிட, பெங்களூரில் தமிழ்நாட்டுப் பதிவெண் பேருந்துகள் எரிந்தன. அப்பா போனில், "நமக்கு இந்த வருஷமும் குறுவை இல்லைம்மா" என்றார். எங்கள் நிலம் திருத்துறைப்பூண்டிக்குத் தெற்கே, கடைமடை. மேட்டூர் திறந்தாலும் எல்லாரும் பாய்ச்சிக்கொண்டது போகத்தான் எங்களுக்கு.

அடுத்த மாதமே, அக்டோபரில், சிங்கப்பூரில் வேறொரு நீர்த்தேக்கம் செய்தியில் வந்தது. ஜொகூரில் இருக்கும் லிங்கியூ அணையின் நீர்மட்டம் 20 விழுக்காட்டுக்கு இறங்கிவிட்டதாம். லிஃப்ட் வாசலில் எதிர்வீட்டு அங்கிளிடம் இதைப் பற்றிக் கேட்டேன். இங்கேயே பிறந்து வளர்ந்தவர், எழுபதுகளில் தேசிய சேவை (கட்டாய ராணுவப் பணி) செய்தவர். 1963-ல் தண்ணீர் ரேஷன் இருந்தபோது பொதுக் குழாயில் வாளியோடு வரிசையில் நின்றதைச் சொன்னார். "அங்கிள், அந்த அணை மலேசியாவில்தானே இருக்கிறது, உங்களுக்கென்ன?" என்றேன். அவர் என்னைக் கொஞ்ச நேரம் பார்த்தார். "உன் வீட்டுக் குழாயில வர்றதுல பாதி எங்கேருந்து வருதுன்னு நினைச்சே?"

அப்போதுதான் உறைத்தது. இந்த நாடே கடைமடை.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை ஜொகூர் பாரு போகும்போது அங்கிள் பேருந்து ஜன்னல் வழியாகக் கை நீட்டிக் காட்டினார். சிங்கப்பூரையும் ஜொகூரையும் இணைக்கும் கடற்பாலத்தை ஒட்டியே பெரிய பெரிய குழாய்கள். கடற்பாலம் திறந்தது 1924-ல். மைசூரும் சென்னை மாகாணமும் காவிரி ஒப்பந்தம் போட்டதும் அதே 1924-ல்தான். இது வெறும் தற்செயல், எனக்குத் தெரியும். இருந்தாலும் அன்று முழுக்க அந்த வருடம் என் மண்டையில் சுற்றிக்கொண்டே இருந்தது.

நூலகத்தில் உட்கார்ந்து ஒப்பந்தங்களைப் படித்தேன். ஜொகூரோடு 1961-ல் ஒன்று, 1962-ல் ஒன்று. முதலாவது 2011-ல் முடிந்துபோனது. இரண்டாவது 2061 வரை இருக்கிறது. அதன்படி ஜொகூர் ஆற்றிலிருந்து சிங்கப்பூர் ஒரு நாளைக்கு 25 கோடி காலன் வரை எடுக்கலாம், ஆயிரம் காலனுக்கு மலேசியக் காசில் மூன்று காசு. சுத்திகரித்ததில் ஒரு பகுதியை ஜொகூருக்கே ஆயிரம் காலன் ஐம்பது காசு என்று திருப்பி விற்க வேண்டும். 1965-ல் இரண்டு நாடும் பிரிந்தபோது, பிரிவினை ஒப்பந்தத்திலேயே இந்தத் தண்ணீருக்கு உத்தரவாதம் எழுதி, அதை ஐக்கிய நாடுகள் சபையில் பதிவு செய்து வைத்தார்கள்.

25 கோடி காலன் என்பது எவ்வளவு? டெல்டாக்காரிக்கு டி.எம்.சி.யில் சொன்னால்தான் புரியும். மகனின் வரைதாளின் பின்பக்கத்தில் கணக்குப் போட்டேன். ஒரு வருடம் முழுக்க எடுத்தாலும் பதினைந்து டி.எம்.சி.கூட வரவில்லை. மேட்டூர் அணையின் கொள்ளளவு 93 டி.எம்.சி.க்கு மேல். ஆறில் ஒரு பங்கு மேட்டூருக்காகவா இத்தனை ஒப்பந்தமும் இத்தனை பயமும் என்று முதலில் ஏளனமாகத்தான் நினைத்தேன். அது நியாயமில்லை. நெல்லுக்குப் பாய்ச்சுகிற தண்ணீரும் குடிக்கிற தண்ணீரும் ஒரே தராசில் நிற்காது.

என்னை உண்மையில் குடைந்தது வேறு. வால்ட்ஸின் வாதம் இதுதான்: நாட்டுக்குள்ளே மேலே ஓர் அதிகாரம் இருக்கிறது, நாடுகளுக்கு மேலே அப்படி எதுவும் இல்லை. இந்த இரண்டாவது நிலைக்கு எங்கள் நோட்ஸில் 'அராஜகம்' என்று போட்டிருந்தது. பிள்ளைகள் அதைக் கேட்டதும் ரவுடித்தனம் என்று நினைத்துச் சிரிப்பார்கள். "இல்லைப்பா, மேலே கேட்க ஆள் இல்லாத நிலை" என்று விளக்குவேன். சரி, அப்படியானால் காவிரிக்கு மேலே ஆள் இருக்கிறது. 1990-ல் நடுவர் மன்றம், 2007-ல் இறுதித் தீர்ப்பு, அதற்கும் மேலே உச்ச நீதிமன்றம். இத்தனை பேர் இருந்தும் வழக்கமான தேதியான ஜூன் 12-ல் மேட்டூர் திறப்பது அப்போது அதிசயமாகிவிட்டிருந்தது. இங்கே கேட்க ஆளே இல்லை, இரண்டு நாடும் பிரிந்த பிறகு மலேசியா ஒரு நாளும் குழாயை நிறுத்தவில்லை. நான்கு வருடம் நடத்திய பாடத்தில் இதற்குப் பதில் இல்லை.

யதார்த்தவாதி இதற்குச் சட்டென்று பதில் வைத்திருப்பார்: நிற்கவில்லை என்றால் காரணம் நல்லெண்ணம் இல்லை, நின்றாலும் சமாளிப்பான் என்று அடுத்தவனுக்குத் தெரிந்திருப்பதுதான். தண்ணீர் நின்றால் என்ன ஆகும் என்பதை இந்த ஊர் ஒருமுறை பார்த்திருக்கிறது. 1942 ஜனவரி 31-ல் ஜப்பானியரைத் தடுக்க பிரிட்டிஷார் கடற்பாலத்தை வெடிவைத்து உடைத்தபோது தண்ணீர்க் குழாயும் சேர்ந்தே உடைந்தது. இரண்டே வாரத்தில், பிப்ரவரி 15-ல், சரணடைந்தார்கள். தண்ணீர்த் தட்டுப்பாடும் அதற்கு ஒரு காரணம். அந்த நாளைத்தான் இங்கே முழுமைத் தற்காப்பு தினமாக வைத்திருக்கிறார்கள். மாலை 6.20-க்கு அபாயச் சங்கு ஒலிக்கும். முதல் வருடம் அதைக் கேட்டு நான் மகனைத் தூக்கிக்கொண்டு படிக்கட்டுப் பக்கம் ஓடினேன். அங்கிள் கதவருகில் நின்று சிரித்துக்கொண்டிருந்தார்.

'மணிநீரும் மண்ணும் மலையும் அணிநிழற் காடும் உடையது அரண்' என்று குறள் சொல்லும். அரணுக்கு வள்ளுவர் முதலில் கேட்பது தண்ணீர். சிங்கப்பூரிடம் அந்தப் பட்டியலில் ஏறக்குறைய எதுவுமே கிடையாது. அதனால் செய்துகொண்டார்கள். மழைநீர்த் தேக்கங்கள், ஜொகூர்த் தண்ணீர், கழிவுநீரைச் சுத்திகரித்த புதுநீர், 2005 முதல் கடல்நீரைக் குடிநீராக்கும் ஆலை. 'நான்கு தேசியக் குழாய்கள்' என்று பள்ளியிலேயே சொல்லிக்கொடுக்கிறார்கள். மகன் ஒன்றாம் வகுப்பில் இருந்தபோது ஒரு நாள் பள்ளிக் குழாய்களை மூடிவிட்டு, பிள்ளைகளை வாளியில் தண்ணீர் பிடித்துப் பங்கிடப் பழக்கினார்கள். ரொம்ப ஜாலியாக இருந்தது என்று வந்து சொன்னான். அவன் பாட்டி ஐம்பது வருடம் தினமும் செய்ததற்கு இங்கே பயிற்சி நாள்.

ஆனால் யதார்த்தவாதம் ஒன்றைச் சொல்லாமல் விழுங்கிவிடுகிறது. தன் கையே தனக்குதவி என்பதற்குக் கையில் காசு வேண்டும், சுற்றிலும் கடல் வேண்டும். கடைமடை விவசாயிக்கும் பக்கத்தில் கடல் இருக்கிறது. அவர் என்ன செய்வார்?

தாராளவாதிகளின் விளக்கத்தை நான் வேகமாகவே கடந்துவிடுகிறேன். இரண்டு பக்கமும் லாபம், ஒப்பந்தம், ஒருவரை ஒருவர் சார்ந்திருத்தல். இதில் பொய் இல்லை. ஒப்பந்தப்படி கொடுக்க வேண்டியதற்கும் அதிகமாகவே சிங்கப்பூர் சுத்திகரித்த நீரைத் திருப்பித் தருகிறது. ஆனால் 2018-ல் மகாதீர் மீண்டும் மலேசியப் பிரதமராகி, இந்த மூன்று காசு விலை கேலிக்கூத்து என்கிற மாதிரிப் பேசியபோது, எங்கள் புளோக்கில் யாரும் பரஸ்பர லாபத்தைப் பற்றிப் பேசவில்லை. "1987-லேயே விலையை மாத்தக் கேட்டிருக்கலாம், கேக்கலை. இப்ப வந்து கேட்டா?" என்றார் அங்கிள். அது சிங்கப்பூர் அரசாங்கத்தின் வாதமும்கூட. காப்பிக்கடையில் உட்கார்ந்து ஒப்பந்தப் பிரிவை வைத்துப் பேசுகிற சனத்தை நான் அதற்கு முன் பார்த்ததில்லை. எங்கள் ஊரில் காவிரி ஒப்பந்தத்தின் பிரிவு யாருக்குத் தெரியும்?

அந்தக் கேள்விதான் என்னைக் கட்டுமானவாதம் என்கிற மூன்றாவது கோட்பாட்டிடம் கொண்டுபோய் விட்டது. அலெக்சாண்டர் வெண்ட் 1992-ல் எழுதியதன் சாரம்: மேலே ஆள் இல்லாத நிலை தானாக எதையும் செய்வதில்லை, நாடுகள் அதை எப்படி ஆக்கிக்கொள்கின்றனவோ அப்படித்தான் அது இருக்கும். பரீட்சைக்கு நான்கு வரியில் நான் முடித்துவிடும் பகுதி இது. இங்கே வந்துதான் சொல்லுக்கு எவ்வளவு பலம் என்று பார்த்தேன். இவர்கள் கழிவுநீர் என்று சொல்வதில்லை, 'பயன்படுத்தப்பட்ட நீர்' என்கிறார்கள். பேரை மாற்றி, 2002 தேசிய தினத்தில் பிரதமரும் மக்களும் சேர்ந்து அதைக் குடித்தும் காட்டினார்கள். எங்களுக்கோ காவிரி தாய். ஆடிப்பெருக்குக்கு அவளுக்குக் காதோலை கருகமணி விடுவோம். தாய்க்கு ஆயிரம் காலன் மூன்று காசு என்று யார் விலை வைப்பது? விலை வைக்க முடியாததைப் பங்கு போடுவதும் கஷ்டம். இங்கே தண்ணீர் மாசா மாசம் வருகிற பில். 2017-லும் 2018-லும் சேர்த்து 30 விழுக்காடு ஏற்றியபோது அங்கிள் திட்டினார்தான். ஆனால் பேருந்து எரியவில்லை.

இதைப் படித்துவிட்டு, தாய் என்று சொல்வதை விட்டுவிடச் சொல்கிறாயா என்று ஊர்க்காரர்கள் சண்டைக்கு வரலாம். நானே விடமாட்டேன்.

நூலகத்தில் இன்னொன்றும் கண்ணில் பட்டது. சிங்கப்பூரின் முதல் வெளியுறவு அமைச்சர் எஸ். ராஜரத்தினம் யாழ்ப்பாணத்தில் பிறந்த தமிழர். 1967-ல் பாங்காக்கில் தென்கிழக்கு ஆசிய நாடுகளின் கூட்டமைப்பான ஆசியானைத் தொடங்கிய ஐவரில் ஒருவர். அவருக்குப் பின் தனபாலன், ஜெயகுமார், சண்முகம் என்று அதே நாற்காலியில் மேலும் தமிழர்கள். சின்ன நாடு எப்படிப் பிழைப்பது என்று ஒரு நூற்றாண்டின் பாதியை யோசித்தவர்கள். என் நோட்ஸில் இவர்களில் ஒருவர் பெயர்கூட இருந்ததில்லை. அமெரிக்காவிலும் பிரிட்டனிலும் இருந்து எழுதியவர்களைத்தான் மனப்பாடம் செய்ய வைத்தேன். கோட்பாடு எப்போதும் யாரோ ஒருவருக்காக, ஏதோ ஒரு நோக்கத்துக்காக என்று ராபர்ட் காக்ஸ் 1981-ல் எழுதியதை அதே நோட்ஸில் அடிக்கோடிட்டு வைத்திருந்தேன் என்பதுதான் கூத்து.

அந்த வரியின் முழு அர்த்தமும் ஜொகூர் பாருவில் ஒரு வாழையிலைச் சாப்பாட்டுக் கடையில்தான் விளங்கியது. மகாதீர் பேசிய அதே சமயம். கல்லாவில் இருந்தவர் தமிழர், எஸ்டேட்டில் பிறந்தவர். நான் எந்த ஊர் என்று கேட்டார். உட்லண்ட்ஸ் என்றேன். ரசத்தை ஊற்றச் சொல்லிவிட்டு, சிரித்துக்கொண்டே சொன்னார்: "எங்க ஆத்துத் தண்ணிய எடுத்துட்டுப் போய், சுத்தம் பண்ணி, எங்களுக்கே விக்கிறீங்க. வெயில் காலத்துல எங்க வீட்டுக் குழாயில காத்துதான் வருது." 'எடுத்துட்டுப் போறீங்க' என்கிற அந்த 'நீங்க' எனக்குச் சுருக்கென்றது. நான் எப்போது அந்தப் பக்கத்து ஆள் ஆனேன்?

பிறந்ததிலிருந்து நான் தண்ணீர் கேட்கிற பக்கம். கொடுக்கிற பக்கத்துக்காரர் என்ன நினைப்பார் என்பது செய்தித்தாளில் படித்த விஷயம், அவ்வளவுதான். கர்நாடகத்தின் மண்டியாவில் ஒரு விவசாயி கன்னடத்தில் சொல்லியிருக்கக்கூடியதை இந்த மனிதர் தமிழில் சொன்னதும் என்னால் தள்ள முடியவில்லை. சிங்கப்பூர் அணை கட்டச் செலவழித்தது, ஒப்பந்தம் இருக்கிறது என்றெல்லாம் என்னிடம் பதில் இருந்தது. சொல்லவில்லை. மோர் வாங்கிக் குடித்துவிட்டு வந்துவிட்டேன்.

2020 மார்ச் 18 முதல் மலேசியா எல்லையை மூடியது. எப்போதும் நெரியும் கடற்பாலம் எங்கள் ஜன்னலிலிருந்து கோடு போட்டதுபோல் காலியாகத் தெரிந்தது. காய்கறி லாரிகள் மட்டும் வந்து போயின. குழாயில் தண்ணீரும் வழக்கம்போல் வந்தது. தினமும் அங்கிருந்து இங்கே வேலைக்கு வந்து திரும்புகிற மனிதர்களுக்குத்தான் வழி இல்லை.

ஜூன் 12 காலையில் அப்பா போன் செய்தார். குரலே வேறு மாதிரி இருந்தது. "மேட்டூரைத் தேதி தப்பாமத் திறந்துட்டாங்கம்மா. எட்டு வருஷம் கழிச்சு."

"நம்ம வாய்க்காலுக்கு எப்பப்பா வரும்?"

"கல்லணைக்கு வரவே நாலு நாள் ஆகும். அப்புறம் மேல உள்ளவன் பாய்ச்சணும்" என்றார். கொஞ்சம் நிறுத்தி, "அங்க எப்படி, தண்ணி வருதுல்ல?" என்று கேட்டார்.