சினிமட்டோகிராபி நேர்முகம்: கேமரா எங்கே நின்றது என்று பாருங்கள்

போன வாரம் ரிசல்ட். புனே திரைப்படக் கல்லூரியில் சினிமட்டோகிராபி, அதாவது ஒளிப்பதிவு, சீட் கிடைத்துவிட்டது. திருத்துறைப்பூண்டிப் பக்கத்துக் கிராமத்தில் கேமரா படிக்கப் போறேன் என்றால் "கல்யாண ஆல்பமா தம்பி?" என்பார்கள். இனி கேட்டால் கேட்கட்டும்.

எழுத்துத் தேர்வுக்கு லென்ஸ் திறப்பை எஃப் 2.8-லிருந்து 5.6-க்குச் சுருக்கினால் வெளிச்சம் கால்வாசி, டங்ஸ்டன் விளக்கின் நிற வெப்பநிலை 3200 கெல்வின், இதெல்லாம் தூக்கத்தில் கேட்டாலும் வரணும். நான் பணம் கட்டிய கோச்சிங்கில் பொது அறிவையே ஓட்டினார்கள். வயிற்றெரிச்சல், விடுங்கள்.

நேர்முகம்தான் விஷயம். பிடித்த ஒளிப்பதிவாளர் யார் என்றார்கள். கிர்ஸ்டன் ஜான்சன் என்றேன். ஆவணப்பட ஒளிப்பதிவாளர், அமெரிக்கர், பாரிஸின் லா ஃபெமிஸ் திரைப்படப் பள்ளியில் கேமரா படித்தவர், 'சிட்டிசன்ஃபோர்' (2014) ஆவணப்படத்துக்குக் கேமரா செய்தவர்களில் ஒருவர். பிறர் படங்களுக்காக நாடு நாடாகப் போய் எடுத்ததில் மிஞ்சிய துண்டுகளைக் கோத்து 2016-ல் 'கேமராபெர்சன்' என்ற படம் செய்தார். அதன் தொடக்கத்தில் ஒரு ஷாட்: இருண்ட மேகம், சாலை, பளீரென மின்னல். கேமராவுக்குப் பின்னாலிருந்து அவர் தும்முகிறார், ஃபிரேமே குலுங்குகிறது. "அதை ஏன் வெட்டவில்லை?" என்றார் ஒருவர். "அங்கே ஒரு ஆள் நின்றிருக்கிறார் என்று அந்தத் தும்மலில்தானே சார் தெரியுது" என்றேன். அதற்கப்புறம் நான் எடுத்துக் கொண்டுபோன படங்களை, என் போர்ட்ஃபோலியோவைத்தான் நோண்டினார்கள்.

அதில் இருந்தது எங்கள் ஊர் நெல் கொள்முதல் நிலையம், சம்பா சீசன். ஈரப்பதம் 17 சதவீதத்தைத் தாண்டினால் மூட்டை திரும்பிவிடும். மீட்டரைப் பார்க்கிற அப்பாவின் முகத்தை க்ளோசப் எடுடா என்றான் கூட வந்தவன். நான் வரிசையிலேயே நின்று எடுத்தேன்: முதுகு, தோளில் துண்டு, நெல்லை அள்ளி அள்ளி உதிர்க்கும் கை. முகம் இல்லை. பின்னால் நிற்கிறவனுக்கு அவ்வளவுதான் தெரியும். இதைப் பற்றித்தான் அதிகம் கேட்டார்கள்.

இனி இந்தத் தேர்வுக்குப் போகிறவர்களுக்குச் சுருக்கமாக:

- ஒரே ஒளிப்பதிவாளர், அவருடையதில் கிடைக்கிற எல்லாப் படமும் பாருங்கள். பத்துப் பேரை நுனிப்புல் மேய வேண்டாம்.
- ஒவ்வொரு ஷாட்டிலும் கேமரா எங்கே நின்றது, ஏன் அங்கே, நோட்டில் எழுதுங்கள். மற்றதெல்லாம் இதற்கு அப்புறம்தான்.
- பழைய சோக் ட்யூப்லைட் வெளிச்சத்தில் எடுத்தால் ஷட்டர் 1/50 நொடி. நம் கரண்ட் 50 ஹெர்ட்ஸ். ஷட்டரை ஆட்டோவில் விட்டால் படத்தில் கோடு ஓடும்.
- குரூப் ஸ்டடி எனக்கு ஆகாது. கலகலப்பானவர்கள் போய்க்கொள்ளுங்கள்.
- இங்கிலீஷ் தடுமாறினால் தடுமாறட்டும்.
- பச்சை வயல் மேல் டிரோன் ஷாட் வைத்திருந்தால் தூக்கிவிடுங்கள். எங்கே நின்று எடுத்தாய் என்று கேட்டால் என்ன சொல்வீர்கள்?