15 நாள் அவகாசமும் ஒரு ரிட் மனுவும்

பேரூராட்சி வேலைகளை எடுத்துச் செய்யும் சின்ன ஒப்பந்ததாரர்கள் பொதுவாக நீதிமன்றத்துக்குப் போவதில்லை. தினமும் முகம் பார்க்க வேண்டிய அலுவலகத்தை எதிர்த்து வழக்கா என்ற தயக்கம். அப்படியும், பக்கத்துப் பேரூராட்சி ஒன்று மழைநீர் வடிகால், சிமெண்ட் சாலைப் பணிகளுக்கு விட்ட டெண்டரை எதிர்த்து, உயர் நீதிமன்ற மதுரைக் கிளையில் ரிட் மனு போட்டேன்.

என் கோபமெல்லாம் பேக்கேஜ் மீதுதான். பல தெருக்களின் வேலையை ஒன்றாகச் சேர்த்து ஒரே டெண்டராக விட்டால், என்னைப் போன்றவர்கள் வேடிக்கை பார்க்க வேண்டியதுதான். யாருக்காக அப்படிச் சேர்த்தார்கள் என்று ஊரே பேசியது. அதையெல்லாம் பக்கம் பக்கமாக எழுதிக்கொண்டு போனேன். வழக்கறிஞர் படித்துவிட்டு ஓரமாக வைத்தார். “வேலையை எப்படிப் பிரிப்பது, என்ன தகுதி கேட்பது என்பதில் நீதிமன்றம் லேசில் கை வைக்காது. டெண்டர் அறிவிப்பு பேப்பரில் என்றைக்கு வந்தது, அதைச் சொல்லுங்கள்” என்றார்.

தமிழ்நாட்டின் டெண்டர் வெளிப்படைத்தன்மைச் சட்டம் 1998-இல் வந்தது. அதன் விதிகள் 2000-இல் வந்தன. 2 கோடி ரூபாய் வரையிலான டெண்டருக்குக் குறைந்தது 15 நாள், அதற்கு மேல் என்றால் 30 நாள் அவகாசம் தர வேண்டும் என்று அவ்விதிகள் சொல்கின்றன. அதிகாரி கையெழுத்துப் போட்ட தேதி இதில் கணக்கில்லை. டெண்டர் புல்லட்டின் (டெண்டர் அறிவிப்புகளுக்கான அரசு இதழ்), நாளிதழ் இரண்டில் எது பிந்தி வெளியானதோ அந்த நாளிலிருந்துதான் எண்ண வேண்டும். அவகாசத்தைக் குறைப்பதானால் மேலதிகாரி காரணத்தை எழுதி அனுமதித்திருக்க வேண்டும். எங்கள் டெண்டர் 2 கோடிக்கு உட்பட்டது. கையெழுத்துத் தேதியிலிருந்து எண்ணினால் எல்லாம் சரி. நாளிதழ்த் தேதியிலிருந்து எண்ணினால் ஒரு வாரம்தான் தேறியது. டெண்டருடன் வைக்க, ஒரு வாரத்துக்குள் தாசில்தார் அலுவலகத்தில் சொத்து மதிப்புச் சான்றிதழ் வாங்க முயன்றவர்களுக்கு அதன் அருமை தெரியும்.

சட்டத்தின் 11-ஆம் பிரிவின்படி 10 நாளுக்குள் அரசிடம் மேல்முறையீடு செய்யலாம். ஆனால் அது டெண்டர் போட்டவர்களுக்கான வழி. என்னால் போடவே முடியவில்லை. எனவே உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போட வழிவிடும் அரசியலமைப்பின் 226-ஆம் பிரிவுதான் மிச்சம். தகவல் உரிமைச் சட்டத்தில் கேட்டுப் பதில் வருவதற்குள் பணி ஆணையே போய்விடும் என்பதால் கையில் இருந்த நாளிதழையும் புல்லட்டின் நகலையும் மட்டும் இணைத்தோம். அறிவிப்பை மட்டும் கத்தரித்து வைக்காதீர்கள். தேதியோடு முழுப் பக்கம் வேண்டும்.

டெண்டருக்குத் தடை கிடைக்கும் என்று பெரிதாக நம்ப வேண்டாம் என்று வழக்கறிஞர் முதலிலேயே சொல்லிவிட்டார். பொதுப்பணி டெண்டர்களுக்கு எளிதில் தடை விதிக்கக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் 2022-இல் கண்டிப்பாகவே கூறியிருக்கிறது. நல்ல வேளையாக, வழக்கு முடியும்வரை பணி ஆணை கொடுக்கக் கூடாது என்ற அளவுக்கு இடைக்கால உத்தரவு கிடைத்தது.

டெண்டரில் கலந்துகொள்ளாதவருக்கு வழக்குப் போட என்ன உரிமை என்று எதிர்த்தரப்பு கேட்டது. கலந்துகொள்ள முடியாமல் செய்ததுதானே வழக்கு என்றோம். மழைக்காலம் நெருங்கியது, அவசரம் என்று பதில் மனுவில் எழுதியிருந்தார்கள். அவசரத்தை நீதிபதி மறுக்கவில்லை. மேலதிகாரியின் அனுமதி எங்கே என்று மட்டும் கேட்டார். அப்படி ஒரு தாளே கோப்பில் இல்லை. பாரபட்சம், ஊர்ப்பேச்சு எதற்குள்ளும் போகாமல் டெண்டரை ரத்து செய்து, முழு அவகாசத்துடன் மறு டெண்டர் விட உத்தரவிட்டார்.

மறு டெண்டரிலும் பேக்கேஜ் அப்படியேதான் இருந்தது. இந்த முறை கூட்டாளி ஒருவரைச் சேர்த்துக்கொண்டு நானும் போட்டேன். எங்களைவிடக் குறைந்த விலை கொடுத்து வெளியூர்க்காரர் ஒருவர் வேலையை எடுத்தார். அந்த விலை எனக்குக் கட்டுப்படியாகாது. அவருக்கு எப்படிக் கட்டுப்படியாகும் என்பது அவர் கவலை. டெண்டருடன் கட்டியிருந்த முன்வைப்புத் தொகையைத் திரும்ப வாங்கிக்கொண்டேன்.