ரீனோவிலிருந்து அக்கா வீட்டுக்கு: நெவாடாவின் 95-ஆம் நெடுஞ்சாலை

அக்கா குடும்பம் லாஸ் வேகஸில், நாங்கள் ரீனோவில். இரண்டு பேரும் ஒரே மாநிலத்தில்தானே இருக்கிறார்கள், ஞாயிற்றுக்கிழமை போய்ச் சாப்பிட்டுவிட்டு வரலாம் என்று ஊரில் அம்மா இன்னும் நினைத்துக்கொண்டிருக்கிறார். நடுவே ஏறத்தாழ 440 மைல் இருக்கிறது. சென்னையிலிருந்து கன்னியாகுமரிக்குப் போகிற தூரம். விமானத்தில் ஒன்றேகால் மணி நேரம்தான். ஆனால் இரண்டு பிள்ளைகள், ஒரு கிரைண்டர், அக்கா திருப்பிக் கேட்கும் பாத்திரங்கள் எல்லாவற்றோடும் விமானம் ஏறுவதை விடக் காரே மேல். அப்படித்தான் இந்த 95-ஆம் சாலை எங்கள் வீட்டுச் சாலையாகிவிட்டது.

நெவாடா வெயில் ஆளைக் கொன்றுவிடும் என்று வருவதற்கு முன்பே பலர் பயமுறுத்தினார்கள். கோவில்பட்டியில் பிறந்தவனிடமா வெயிலைச் சொல்வது! பழக நாளானது காலி இடம்தான். மதுரையிலிருந்து கோவில்பட்டிக்குள் எத்தனை டீக்கடை, எத்தனை பஞ்சர் கடை, எத்தனை இளநீர் வண்டி? இங்கே ஒரு மணி நேரம் ஓட்டினாலும் ஒரு கூரை கண்ணில் படாத இடங்கள் உண்டு. காரணம் பாலைவனம் மட்டுமில்லை. மாநிலத்தின் நிலத்தில் 80 சதவீதத்துக்கு மேல் மத்திய அரசுக்குச் சொந்தம். சாலையோரம் ஒரு சென்ட் வாங்கிப் பெட்டிக்கடை போடலாம் என்றால் விற்பதற்கு ஆள் கிடையாது. 2020 கணக்கெடுப்பில் மாநிலத்தின் மக்கள்தொகை 31 லட்சம். அதில் முக்கால்வாசிப் பேர் லாஸ் வேகஸ் இருக்கும் கிளார்க் கவுண்டியிலும் (கவுண்டி என்றால் நம் மாவட்டம் மாதிரி), மீதியில் பெரும்பகுதி ரீனோ பக்கமும் இருக்கிறார்கள். இந்த இரண்டுக்கும் நடுவே இருக்கிற நெவாடாவைத்தான் 95 காட்டும்.

கலிபோர்னியா எல்லையிலிருந்து லாஸ் வேகஸ் வழியாக ஆரெகன் எல்லை வரை மாநிலத்தைத் தெற்கு வடக்காகக் கடக்கிற சாலை இது. நெவாடாவுக்குள் மட்டும் சுமார் 650 மைல். எங்களுக்கு வேண்டியது அதன் தெற்குப் பாதி. ரீனோவிலிருந்து ஃபெர்ன்லி வரை பெரிய சாலையான ஐ-80. அங்கிருந்து 95-இன் கிளைச் சாலையில் திரும்பி யெரிங்டன் வழியாக ஷர்ஸ் என்ற சிற்றூருக்குப் போனால் தாய்ச்சாலை வந்து சேர்ந்துகொள்ளும். யெரிங்டனைச் சுற்றி வெங்காய வயலும் குதிரைமசால் வயலுமாகக் கண்ணுக்குக் குளிர்ச்சியாக இருக்கும். அந்தப் பச்சை எங்கிருந்து வருகிறது என்பது அடுத்த ஒரு மணி நேரத்துக்குள் தெரிந்துவிடும்.

ஷர்ஸ் தாண்டியதும் இடது கையில் வாக்கர் ஏரி. வலது பக்கம் செங்குத்தாக மலை. நடுவே ஒட்டிக்கொண்டு போகிறது சாலை. பழுப்பு மலைகளுக்கு நடுவே இவ்வளவு நீலமா என்று முதல் தடவை வண்டியை ஓரம் கட்டினோம். இறங்கி நடந்தால்தான் தெரிந்தது, தண்ணீரின் பழைய விளிம்புகள் கரையில் படிப்படியாக மேலே ஏறிக்கொண்டே போகின்றன. 1880-களிலிருந்து இந்த ஏரி 150 அடிக்கு மேல் இறங்கியிருக்கிறது. வாக்கர் ஆறு கடலுக்குப் போவதில்லை. இந்த ஏரியில்தான் முடிகிறது. மேலே வயல்களுக்குத் தண்ணீர் எடுக்க எடுக்க, கீழே ஏரி வற்றி உப்பு ஏறிவிட்டது. இங்கிருந்த டிரவுட் மீன் இனமே பிழைக்க முடியாமல் போனது. அந்த மீனை நம்பி வாழ்ந்த பையூட் பழங்குடியினரின் ஊர்தான் ஷர்ஸ். இப்போது ஓர் அமைப்பு விவசாயிகளிடமிருந்து நீர் உரிமையைக் காசு கொடுத்து வாங்கி ஏரிக்குத் தண்ணீர் விடுகிறது. தலைமடைக்கும் கடைமடைக்கும் நடக்கும் வழக்கைக் கேட்டே வளர்ந்தவனுக்கு இது ஒன்றும் அந்நிய தேசத்துச் செய்தியாகப் படவில்லை. கடைமடைக்காரன் காசு கொடுத்துத் தண்ணீர் வாங்கலாம் என்பது மட்டும்தான் புதிது.

ஏரி முடிந்ததும் ஹாதார்ன். ஊரைச் சுற்றிலும் மண்ணை மூடிய மேடுகள் வரிசை வரிசையாகப் போய்க்கொண்டே இருக்கும். எல்லாம் ராணுவத்தின் வெடிமருந்துக் கிடங்குகள். 1926-இல் நியூ ஜெர்சியில் ஒரு கிடங்கு வெடித்து ஊரே நாசமான பிறகு, ஆளரவம் இல்லாத இடமாகத் தேடி இங்கே கொண்டுவந்து வைத்தார்களாம். என் பெரியவன் ஒவ்வொரு முறையும் எண்ணத் தொடங்கி, தூங்கிப் போவான்.

ஹாதார்னில் கேஸ், அதாவது பெட்ரோல், போடாமல் கிளம்பக் கூடாது. அடுத்த ஊர் என்று சொல்லத்தக்க டோனோபா 100 மைலுக்கும் மேல். வழியில் வரைபடத்தில் கோல்டேல் என்று ஒரு பெயர் தெரியும். அதைப் பார்த்து ஒரு காபி கிடைக்கும் என்று நம்பிவிடாதீர்கள். 6-ஆம் சாலை வந்து சேரும் அந்த முக்கில், கைவிடப்பட்ட கேஸ் ஸ்டேஷனும் கதவில்லாத மோட்டலும்தான் நிற்கின்றன. இந்தப் பகுதியில் பல இடங்களில் போன் சிக்னலும் கிடையாது. அதனால் எங்கள் வீட்டில் ஒரு சட்டம் இருக்கிறது. ஹாதார்னில் ஒரு போன், டோனோபாவில் ஒரு போன், பீட்டியில் ஒரு போன். "என்னடா, இன்னும் டோனோபா வரலியா? அந்த ரெண்டு கார் போற ரோட்டுல ஓவர்டேக் பண்ணிக்கிட்டு இருக்காத" என்று அக்கா எடுத்த எடுப்பிலேயே ஆரம்பிப்பாள். அவள் கவலையும் நியாயம்தான். பெரும்பாலான தூரம் ஆளுக்கு ஒரு தடம்தான். மணிக்கு 70 மைல் வேகத்தில் எதிரே வரும் லாரியின் காற்று நம் காரை ஒரு தள்ளுத் தள்ளிவிட்டுப் போகும். ஊர் வந்தால் 25-க்கு இறங்கிவிட வேண்டும். இறங்காதவர்களுக்காக ஷெரிஃப் வண்டி எங்காவது காத்திருக்கும்.

இன்னொன்று, மாடு. மஞ்சள் பலகையில் மாட்டுப் படம் இருந்தால், வேலி இல்லாத மேய்ச்சல் நிலம் என்று அர்த்தம். அங்கே நீங்கள் மாட்டை இடித்துவிட்டால் கார்ச் சேதத்துக்கு மாட்டுக்காரர் பொறுப்பில்லை என்பது நெவாடா சட்டம். நம் ஊரில் ரோட்டில் படுத்திருக்கும் மாட்டைச் சுற்றிக்கொண்டு ஓட்டிப் பழகிய கை எனக்கு. ஆனாலும் 70 மைல் வேகத்தில், கும்மிருட்டில், கறுப்பு மாடு என்றால் எந்தக் கையும் உதவாது. இரவில் இந்தச் சாலையில் நாங்கள் போவதே இல்லை.

டோனோபா 6,000 அடி உயரத்தில் இருக்கிறது. டிசம்பரில் அங்கே பனி பெய்துகொண்டிருக்கும், ஸ்வெட்டரும் குல்லாவுமாக இறங்கிச் சாப்பிடுவோம். மூன்றரை மணி நேரம் கழித்து அக்கா வீட்டு வாசலில் பிள்ளைகள் அரைக்கை சட்டையில் நிற்கும். 1900-இல் வெள்ளி கிடைத்ததால் பிறந்த ஊர் இது. 1907-இல் கட்டிய ஐந்து மாடி மிஸ்பா ஹோட்டல் இன்றும் நடக்கிறது. பழைய இடுகாட்டை ஒட்டி, உள்ளே நூற்றுக்கணக்கில் கோமாளிப் பொம்மைகளை அடுக்கி வைத்திருக்கும் ஒரு மோட்டலும் உண்டு. என் மனைவி அந்தப் பக்கமே திரும்ப மாட்டாள். ஆனால் எனக்குப் பயம் தந்தது வேறு. இந்த ஊரில் இருந்த ஒரே மருத்துவமனை 2015-இல் மூடப்பட்டுவிட்டது. நெஞ்சு வலி என்றால் 100 மைல் போக வேண்டும், இல்லையென்றால் ஹெலிகாப்டர். சின்னவளுக்கு ஒருமுறை வழியில் காய்ச்சல் ஏறியபோதுதான் அதன் பொருள் எங்களுக்கு உறைத்தது. அன்றிலிருந்து மருந்துப் பெட்டி இல்லாமல் வண்டி கிளம்புவதில்லை. தண்ணீர் கேன், கம்பளி, காற்றடிக்கும் பம்ப், தயிர் சாதம், புளியோதரை எல்லாம் அதற்கு அப்புறம்தான்.

அடுத்து கோல்ட்ஃபீல்ட். 1902-இல் தங்கம் கிடைத்து, சில ஆண்டுகளிலேயே 20,000 பேர் குவிந்து, நெவாடாவிலேயே பெரிய ஊராக இருந்தது. தங்கம் குறைந்தது, 1923-இல் தீப்பிடித்துப் பெரும்பகுதி எரிந்தது. இது தலைநகராக இருக்கும் எஸ்மரால்டா கவுண்டி முழுவதிலும் 2020-இல் 729 பேர். கவுண்டியில் உயர்நிலைப் பள்ளி இல்லை. பிள்ளைகள் டோனோபாவுக்குப் போகிறார்கள். எங்கள் தெருவில் இதைவிட அதிகம் பேர் இருந்தார்கள் என்று சொன்னால், பெரியவன் நம்ப மறுக்கிறான்.

இங்கிருந்து தெற்கே பெரும்பாலும் இடது பக்கம் முழுக்க ராணுவத்தின் குண்டுவீச்சுப் பயிற்சி நிலம். அதையடுத்து 1951-லிருந்து 1992 வரை அணுகுண்டு வெடித்துப் பார்த்த சோதனைத் தளம். மெர்குரி என்ற பலகையில் அதற்கான வழி பிரியும். நமக்கு அனுமதி கிடையாது. சாலை இவற்றின் மேற்கு ஓரத்தை ஒட்டியே போகிறது. பீட்டியிலிருந்து லாஸ் வேகஸ் வரை பல இடங்களில் இது பழைய ரயில் பாதையின் தடம். சுரங்கங்களை நம்பிப் போட்ட அந்த ரயில் 1918-இல் நின்றுபோனது. ஸ்கேல் வைத்துக் கோடு போட்டது போல் சாலை நேராக ஓடுவதற்கு அதுவும் ஒரு காரணம்.

பீட்டி எனக்குப் பிடித்த ஊர். சுரங்கக்காரர்கள் விட்டுவிட்டுப் போன கழுதைகளின் வாரிசுகள் தெருவில் ஹாயாக நடந்து திரியும். அங்கே டெத் வேலி நட் அண்ட் கேண்டி என்று ஒரு பெரிய கடை, கேஸ் ஸ்டேஷனோடு சேர்ந்தது. சுவர் முழுக்கக் கடலை, பாதாம், பிஸ்தா, மிட்டாய். கோவில்பட்டிக்காரன் வேறு எங்கே நிற்பான்? எல்லாவற்றையும் கிளறிப் பார்த்தாயிற்று. பாகு பதமாக, கடலை முழுசாக, கடித்தால் படக்கென்று உடைகிற நம் மிட்டாய்க்கு ஈடாக ஒன்றும் அகப்படவில்லை. நாங்கள் அங்கே பிஸ்தா வாங்குவோம். அத்தான், ஊரிலிருந்து வந்த கடலை மிட்டாய்ப் பாக்கெட்டை வாங்கிக்கொண்டு பிஸ்தாவைப் பிள்ளைகளிடம் தள்ளிவிடுவார்.

மெர்குரி தாண்டினால் நான்கு வழிச்சாலை. அப்புறம் ஒரு மணி நேரத்தில் அக்கா வீடு. லாஸ் வேகஸுக்குள் 95-இன் ஒரு பகுதிக்கு இப்போது ஐ-11 என்று பலகை மாட்டிவிட்டார்கள். இதே வழியில் ரீனோ பக்கம் வரை பெரிய சாலையாக நீட்டுவது திட்டம். அக்காவுக்கு அது நாளைக்கே வந்தாக வேண்டும். எனக்கும் அந்த ஒற்றைத் தடத்தில் லாரிக்குப் பின்னால் தவம் கிடப்பது தீர்ந்தால் போதும் என்றுதான் இருக்கிறது. ஆனால் புறவழிச்சாலை வந்த பிறகு நம் ஊர்ச் சாலையோரக் கடைகள் என்ன ஆயின என்று பார்த்தவன் நான். டோனோபாவையும் பீட்டியையும் தொடாமல் சாலையைத் தள்ளிப் போட்டால், அந்த ஊர்களுக்குப் பிழைப்பு ஏது? இதைச் சொன்னால், "நீ கடலை மிட்டாய்க் கடையை நினைச்சுப் பேசுற" என்கிறாள் அக்கா. அதுவும் கொஞ்சம் உண்மைதான்.