கிரேக்கத் தெய்வங்களிடம் கோட்டை விட்டதும் பிறகு பிடித்ததும்

கல்லூரி ஆசிரியர் பணிக்கான நெட் தேர்வுக்கு ஆங்கில இலக்கியம் படிப்பவர்கள் மில்டனுக்கும் கீட்சுக்கும் அவ்வளவாகப் பயப்பட மாட்டார்கள். அவர்கள் வரிக்கு வரி இழுத்துக்கொண்டு வரும் கிரேக்கத் தெய்வங்கள்தான் தொல்லை. முதல் முறை படித்தபோது என்னிடம் இதற்கென்றே ஒரு நோட்டு இருந்தது. இடப்பக்கம் கிரேக்கப் பெயர், நடுவில் ரோமானியப் பெயர், வலப்பக்கம் ‘எதற்குக் கடவுள்’. ஜீயஸ், ஜூபிடர், வானம். பொசைடன், நெப்டியூன், கடல். வாய்ப்பாடு மாதிரி ஒப்பிப்பேன்.

அந்த நோட்டு எனக்குக் குழி பறித்தது ஒரு பயிற்சித் தேர்வில். மில்டனின் ‘லிசிடஸ்’ கவிதையில் உயிரின் இழையை அறுப்பது யார் என்று கேள்வி. என் பட்டியலில் விதித் தேவதைகள் மூவர்: குளோத்தோ நூற்பவள், லாக்கெசிஸ் அளப்பவள், அட்ரபாஸ் அறுப்பவள். யோசிக்கவே இல்லை, அட்ரபாஸைக் குறித்துவிட்டேன். தவறு. மில்டன் அந்தக் கத்தரிக்கோலை ஒரு குருட்டு ஃபியூரியின் கையில் கொடுத்திருக்கிறார். ஃபியூரிகள் பழிவாங்கும் தேவதைகள், விதித் தேவதைகள் அல்ல. மில்டனுக்கு இது தெரியாமலா இருந்திருக்கும்? இளம் வயதில் இறந்துபோன நண்பனுக்காக 1637இல் எழுதிய இரங்கற்பா அது. நிதானமாக அளந்து அறுக்கும் விதியாக அவருக்கு அந்தச் சாவு தெரியவில்லை. கண்மண் தெரியாத வெறியாகத் தெரிந்திருக்கிறது. என் நோட்டில் இதற்கு இடமே இல்லை.

நூலகத்தில் உடன் படித்த ஓர் அக்காவிடம் புலம்பினேன். “இந்தப் பட்டியலை மூட்டை கட்டி வை. ஒவ்வொரு தகவலுக்குப் பக்கத்துலயும் இதை யார் சொன்னாங்கன்னு எழுது, போதும்” என்றார். அன்றைக்கு எரிச்சலாக இருந்தது. இரண்டாம் முறை என்னைக் கரை சேர்த்தது அந்த ஒரு வரிதான்.

கிரேக்கர்களுக்கு ஒரே புனித நூல் என்று எதுவும் இல்லை. பழங்கவிஞர்களில் ஹோமர் ஒன்று சொல்வார், ஹீசியட் வேறு சொல்வார். அதே கதையை நாடகக்காரர்கள் தங்கள் தேவைக்கு வளைப்பார்கள். பல நூற்றாண்டு கழித்து ரோமில் கவிஞர் ஓவிட் வந்து எல்லாவற்றையும் இன்னொரு தரம் கிளறுவார். காதல் தெய்வம் அஃப்ரோடைட்டி எப்படிப் பிறந்தாள்? வானமாகிய யுரேனஸின் வெட்டப்பட்ட உறுப்பு கடலில் விழுந்து, அதன் நுரையிலிருந்து எழுந்தாள் என்பார் ஹீசியட். ஜீயஸுக்கும் டயோனிக்கும் பிறந்த மகள் என்கிறது ஹோமரின் ‘இலியட்’. இரண்டில் எது சரி என்று மண்டையை உடைக்க வேண்டாம், எது யாருடையது என்று தெரிந்தால் போதும். பிளேட்டோ ‘சிம்போசியம்’ நூலில் ஒரு பாத்திரத்தின் வாயிலாக, அப்படியானால் அஃப்ரோடைட்டிகள் இருவர், காதலும் இரு வகை என்று ஒரு வாதத்தையே கட்டிவிடுகிறார். முரண்பாடு இருந்ததால்தான் அந்த வாதம் பிறந்தது.

சரி, எங்கே தொடங்குவது? என் அனுபவத்தில் ஹீசியடின் ‘தியோகனி’தான். கி.மு. 700ஐ ஒட்டி எழுதப்பட்டது, ஏறத்தாழ ஆயிரம் வரி. நல்ல ஆங்கில மொழிபெயர்ப்பு கிடைத்தால் ஒரே பிற்பகலில் முடித்துவிடலாம். குடும்பக் கதையாகப் படியுங்கள், பெயர்கள் தாமாக ஒட்டிக்கொள்ளும். அப்பன் யுரேனஸ் பிள்ளைகளைப் பூமிக்குள்ளேயே அடைத்து வைக்கிறான். பூமித்தாய் கயா அரிவாள் செய்து கொடுக்க, கடைசி மகன் குரோனஸ் அப்பனை வெட்டுகிறான். தன் பிள்ளையால் தனக்கும் அதே கதி என்று கேள்விப்பட்டு, ஹெஸ்டியா, டிமீட்டர், ஹீரா, ஹேடீஸ், பொசைடன் என்று பிறந்த வரிசையில் விழுங்குகிறான். ஆறாவது ஜீயஸ். அவனுக்குப் பதில் மனைவி ரியா துணியில் சுற்றிக் கொடுத்தது ஒரு கல். பிறகு பத்தாண்டுப் போர், குரோனஸின் தலைமுறையினரான டைட்டன்கள் தோற்றுப் பாதாளத்துக்கு. இந்த வரிசை மனதில் நின்றால் அந்த டைட்டன்களைப் பாடும் கீட்சின் ‘ஹைபீரியன்’ பாதி புரிந்த மாதிரிதான்.

இங்கே தமிழில் குறிப்பெடுப்பவர்களுக்கு ஓர் எச்சரிக்கை. பிள்ளைகளை விழுங்கிய குரோனஸ் வேறு, காலத்தைக் குறிக்கும் குரோனோஸ் வேறு. பழங்காலத்திலேயே இரண்டையும் குழப்பிக்கொண்டார்கள், தமிழ் எழுத்தில் எழுதினால் கேட்கவே வேண்டாம். டெத்திஸ் டைட்டன் பெண், ஓசியானஸின் மனைவி. தெட்டிஸ் கடல்கன்னி, அக்கிலிஸின் தாய். இந்த மாதிரி இரட்டைகளுக்கு மட்டும் ஆங்கில எழுத்தையும் பக்கத்தில் எழுதி வைத்தேன். தாலியா என்ற பெயரிலும் இருவர் உண்டு. ஒருத்தி கலைத் தேவதைகளான ஒன்பது மியூஸ்களில் நகைச்சுவைக்கு உரியவள், இன்னொருத்தி அழகுத் தேவதைகளான மூன்று கிரேஸ்களில் ஒருத்தி. “எந்த தாலியா?” என்று நாங்கள் ஒருவரையொருவர் கேட்டால் பக்கத்து மேசைக்காரர்கள் திரும்பிப் பார்ப்பார்கள்.

மியூஸ்கள் என்றதும் நினைவுக்கு வருகிறது. ஹீசியட் ஒன்பது பெயரையும் சொல்கிறார், ஆனால் யாருக்கு எந்தக் கலை என்று பங்கு பிரிக்கவில்லை. கிளையோவுக்கு வரலாறு, மெல்போமினிக்குத் துன்பியல், யுரேனியாவுக்கு வானியல் என்பதெல்லாம் மிகவும் பின்னால் நிலைபெற்றது. பொருத்துக வினாவுக்கு அந்தப் பட்டியல் வேண்டும், மனப்பாடம் செய்யத்தான் வேண்டும். ஆனால் ‘இழந்த சொர்க்கம்’ ஏழாம் காண்டத்தில் மில்டன் யுரேனியாவை அழைப்பதைப் பார்த்ததும் வானியல் என்று எழுதிவிடாதீர்கள். பெயரை அல்ல, பொருளையே அழைக்கிறேன் என்று அவரே அங்கே சொல்லிவிடுகிறார்.

ஒலிம்பஸ் மலையின் முதன்மைத் தெய்வங்கள் பன்னிருவர் எனக்கு இன்னொரு தலைவலி. பன்னிரண்டு என்ற எண் நிலையானது, ஆட்கள் மாறுவார்கள். ஏதென்ஸில் பார்த்தினன் கோயிலின் கிழக்குச் சிற்பப் பட்டையில் உட்கார்ந்திருக்கும் பன்னிருவரில் மதுக் கடவுள் டயோனிசஸ் இருக்கிறார், ஹெஸ்டியா இல்லை. ஹெஸ்டியா பெருந்தன்மையோடு தன் இருக்கையை விட்டுக்கொடுத்தாள் என்று கதைப் புத்தகங்களில் வரும். பழைய கிரேக்க நூல் எதிலும் அந்தக் கதை கிடையாது. டயோனிசஸ் கிழக்கிலிருந்து தாமதமாக வந்து சேர்ந்தவர் என்பதும் பழைய வழிகாட்டிகளில் இருக்கும். 1952இல் மைக்கேல் வென்ட்ரிஸ் வெண்கலக் காலக் கிரேக்கர்களின் லீனியர் பி எழுத்தை வாசித்த பிறகு, பைலோஸ் என்ற பழைய நகரின் களிமண் பலகைகளிலேயே டயோனிசஸின் பெயர் கிடைத்துவிட்டது. அதாவது ஹோமருக்குப் பல நூற்றாண்டு முன்பே. பழைய நோட்டை நகலெடுத்துப் படிப்பவர்கள் இந்த இடத்தைத் திருத்திக்கொள்ளுங்கள்.

எனக்கு மிகவும் பிடித்த சிக்கல் அறிவுத் தெய்வம் அதீனாவின் பிறப்பு. ஜீயஸின் தலையைக் கோடரியால் பிளந்து அவளை வெளியே கொண்டுவந்தவர் கொல்லர் கடவுள் ஹெஃபாஸ்டஸ் என்று கிரேக்கக் கவிஞர் பிண்டார் பாடுகிறார், ஜாடி ஓவியங்களிலும் அப்படித்தான். ‘தியோகனி’யிலோ, ஜீயஸ் தனியாகப் பெற்றுவிட்டாரே என்ற கோபத்தில் அவர் மனைவி ஹீராவும் தனியாகப் பெற்ற பிள்ளைதான் ஹெஃபாஸ்டஸ். அப்படியானால் கோடரி பிடிக்க அவர் எங்கிருந்து வந்தார்? இதைக் கண்டுபிடித்த அன்று எனக்கு ஒரே குஷி. யார் சொன்னது என்று எழுதி வைப்பது அன்றைக்குத்தான் கடமையாக இல்லாமல் விளையாட்டாக மாறியது. அப்புறம் நானே தேட ஆரம்பித்தேன். டிமீட்டரின் மகள் பெர்செஃபனி பாதாளத்தில் தின்ற மாதுளை ஹோமரிய டிமீட்டர் துதியில் ஒரே விதை, ஆண்டில் மூன்றில் ஒரு பங்கு பாதாளத்தில். ஓவிடிடம் ஏழு விதை, பாதி ஆண்டு. தேவர்களின் தூது ‘இலியட்’டில் பெரும்பாலும் ஐரிஸின் வேலை, ‘ஒடிசி’யில் ஹெர்மீஸின் வேலை.

ஆன்மாவின் தெய்வமான சைக்கீயையும் அப்படித்தான் பிடித்தேன். அவள் கதையை முழுதாகச் சொல்வது கி.பி. இரண்டாம் நூற்றாண்டில் லத்தீனில் எழுதிய அப்புலேயஸ். கீட்ஸ் 1819இல் எழுதிய பாடலில் உனக்குக் கோயில் இல்லையே, பூசை இல்லையே என்று அவளிடம் உருகுவதற்குக் காரணம் இதுதான். அவள் வந்து சேர்வதற்குள் ஒலிம்பஸின் காலம் முடியும் நிலைக்கு வந்துவிட்டது.

தேர்வு முறையைப் பற்றி ஒரு வார்த்தை. இரு தாள்களும் சேர்த்து மூன்று மணி நேரம், 150 கேள்வி, தவறான விடைக்கு மதிப்பெண் குறைப்பு இல்லை. எனவே எதையும் விடாமல் குறித்துவிடுங்கள். ஆனால் கேள்வியில் ஒரு கவிஞரின் பெயரோ நூலின் பெயரோ இருந்தால் பட்டியலை மறந்துவிட்டு அந்த நூலுக்குள் போய் நின்று யோசியுங்கள்.

சிறு தெய்வங்களை எவ்வளவு படிப்பது என்று பலரும் கேட்கிறார்கள். நயாடுகள் ஊற்றுக்கும் ஓடைக்கும், டிரையாடுகள் மரத்துக்கும், ஓரியாடுகள் மலைக்கும். இவ்வளவு போதும். கடல் தெய்வம் நெரியஸின் ஐம்பது மகள்களில் தெட்டிஸ், ஆம்ஃபிட்ரைட்டி, கலாட்டியா மூவரை மட்டும் வைத்துக்கொண்டேன். ஓசியானஸின் மகள்கள் மூவாயிரம் பேர், மகன்களான ஆறுகளும் அதே கணக்கு. கொஞ்சம் பெயர்களைச் சொல்லிவிட்டு, அந்த ஆறுகளின் பெயர் முழுவதையும் சொல்வது மனிதனுக்குக் கஷ்டம், கரையில் குடியிருப்பவர்களுக்குத் தெரியும் என்று ஹீசியடே நழுவிவிடுகிறார். அந்த வரியைப் பார்த்ததும் நானும் நோட்டை மூடிவிட்டுத் தேநீர் குடிக்கப் போனேன்.