சுவாங்னா: கல்சட்டி கரையிறங்கிய ஊர்

டோப்பாங்கா, கஹுவெங்கா, குக்கமாங்கா. தெற்கு கலிபோர்னியாவின் சாலைப் பலகைகளில் தினமும் கண்ணில் படும் பெயர்கள். கடைசியில் வரும் அந்த ‘ங்கா’, இந்தப் பகுதியின் பூர்வகுடிகளான டோங்வா மக்களின் மொழியில் இட உருபு. நம் ‘இல்’ மாதிரி. இன்றைய கார்சன், வில்மிங்டன் பகுதியில் இருந்த அவர்களுடைய ஊரான சுவாங்னாவும் அப்படி ஒரு பெயர்தான். கோரை வளரும் இடம் என்று பொருள் சொல்வார்கள். சான் பெட்ரோ விரிகுடாவை ஒட்டிய சதுப்புநிலத்துக்குப் பொருத்தமான பெயர்.

இந்தக் கரையின் வணிகம் என்றாலே பாசிமணியைத்தான் முதலில் பேசுகிறார்கள். என் கணக்கில் முதலிடம் கல்சட்டிக்கு.

சாண்டா கட்டலினா தீவுக்கு டோங்வா மக்கள் வைத்த பெயர் பிமு. அங்கே மாக்கல் பாறை உண்டு. நம் வீட்டுக் கல்சட்டியின் அதே கல்தான்: டால்க் மிகுந்தது, மிருதுவானது, நேராக நெருப்பில் வைத்தாலும் வெடிக்காது. மண்பாண்டம் பெரிதாகச் செய்யாத கரையில் இதன் அருமை புரியும். கல்சட்டி இல்லாவிட்டால், நீர் ஒழுகாத கூடையில் ஓக் கொட்டை மாவைக் கரைத்து, சுட்ட கற்களைப் போட்டுப் போட்டுக் கிளறிக் கஞ்சி காய்ச்ச வேண்டும். கல் ஆற ஆற மாற்ற வேண்டும். கை ஓய்ந்தால் கூடை கருகும். கண்ட கல்லைப் போட்டால் அது வெடித்துக் கஞ்சியில் மணல் சேரும்.

சட்டியைப் பாறையிலேயே செதுக்கினார்கள். கடினமான வேறு கல்லை உளியாக வைத்து, வேண்டிய அளவுக்குச் சுற்றிலும் பள்ளம் வெட்டுவார்கள். நடுவில் குமிழாக நிற்பதன் அடிப்பகுதியைக் குடைந்து கழுத்தாக்கி, ஆப்பு வைத்து உடைத்தெடுப்பார்கள். பாறைக்குள் விரிசலோ கடினமான தாது நரம்போ ஓடினால், அந்த இடத்தில் குமிழ் இரண்டாகப் பிளக்கும். அதுவரை செய்த வேலை அத்தனையும் போச்சு. உள்ளே குடைவது அதற்குப் பிறகு. புழக்கத்தில் சட்டி உடைந்தாலும் வீசுவதில்லை. விரிசலை நிலக்கீல் வைத்து அடைப்பார்கள். பெரிய சில்லு தட்டையான சுடுகல் ஆகும். நம் தோசைக்கல் போல. சூடாக இருக்கும்போது குச்சி விட்டு நகர்த்த அதன் ஓரத்தில் ஒரு துளை போடுவார்கள்.

மாக்கல் தண்ணீரைப் போல ஏறக்குறைய 2.8 மடங்கு கனம். அதைத் தீவிலிருந்து 30 கி.மீ.க்கு மேல் திறந்த கடலில் கொண்டுவர வேண்டும். அதற்குத்தான் தியாத் என்ற தைத்த பலகைப் படகு. வடக்கிலிருந்து மிதந்து ஒதுங்கும் செம்மரக் கட்டைகளைத் திமிங்கில எலும்பு ஆப்பால் பிளந்து, சிப்பி வாய்ச்சியால் சீவி, சுறாத்தோலால் தேய்ப்பார்கள். உள்ளே விலா எலும்பு போலத் தாங்கும் வங்குக்கால் கிடையாது. அடிப்பலகைமேல் பலகைகளை விளிம்போடு விளிம்பாக வைத்து, துளையிட்டு, நார்க்கயிற்றால் தைத்து, நடுவில் ஒரு குறுக்குச் சட்டம் கொடுப்பார்கள். அவ்வளவுதான். இதில் பல நுணுக்கங்கள் நமக்குக் கிடைத்திருப்பது, இதே குடும்பப் படகைக் கட்டிய வடக்கு அண்டை மக்களான சுமாஷ் வழியாக.

படகின் உயிர், பலகை இடுக்குகளை அடைக்கும் கலப்பற்றில். கரையில் ஒதுங்கும் மெத்தென்ற தார் இதற்கு உதவாது. நிலத்திலிருந்து வெட்டியெடுத்த கெட்டி நிலக்கீலைப் பைன் பிசினோடு சேர்த்துக் காய்ச்சி, சூடு குறைவதற்குள் பூச வேண்டும். பலகையில் ஈரம் இருந்தால் பிடிக்காது. கொஞ்ச தூரத்திலேயே உரிந்துவிடும். நன்றாகப் பூசினாலும் தையல் வழியே கசியும் என்பதால் தண்ணீர் இறைப்பதற்கென்றே ஓர் ஆள். மதியத்துக்கு மேல் மேற்குக் காற்று எழும். ஆகவே விடியற்காலையே கடக்க ஏற்ற நேரம்.

இவ்வளவு கனத்தோடு வரும் தைத்த படகை அலை மோதும் கரையில் ஏற்றினால் தையல் விட்டுப்போகும். அமைதியான உப்பங்கழியும் சேறும் தேவை. பாலோஸ் வெர்டெஸ் குன்றுகள் மறைத்து நிற்கும் இந்த விரிகுடாவில் அது இருந்தது. கடல் சரக்கு தோள் சுமையாக மாறும் இடத்தில் ஓர் ஊர் பெரிதாவது இயல்பு. சுவாங்னாவின் பலமும் அதுதான் என்பேன். சட்டி, உலர்ந்த மீன், கடல்நீர்நாய்த் தோல் உள்நாட்டுக்குப் போகும். செரானோ, கவியா மக்களிடமிருந்து மான்தோலும் விதைகளும் வரும். கொலராடோ ஆற்றங்கரை மொஹாவே நடை வணிகர்கள் பாலைவனம் தாண்டிப் பருத்திப் போர்வை கொண்டுவந்தார்கள். சில்லறைக் காசாகப் புழங்கியது, ஒலிவெல்லா என்ற சிறு கடற்சங்கில் செய்த மணி. சங்கின் வாயோரத்துத் தடித்த பகுதியில் செய்யும் மணிக்கு மதிப்பு அதிகம், ஏனென்றால் ஒரு சங்கில் ஒன்றுதான் தேறும்.

1542 அக்டோபர் 7 அன்று ஸ்பெயினுக்காகக் கடலோடிய காப்ரியோவின் கப்பல்கள் தீவை அடைந்தபோது எட்டுப் பத்துப் பேர் ஏறிய நல்ல படகு ஒன்று எதிர்கொண்டு வந்ததாகப் பயணக் குறிப்பு சொல்கிறது. மறுநாள் பார்த்த நிலக்கரை விரிகுடாவுக்கு, எழுந்த புகையைக் கண்டு ‘புகைகளின் விரிகுடா’ என்று பெயரிட்டார்கள். 1771இல் ஸ்பானியப் பாதிரிமார்களின் சான் கப்ரியேல் மிஷன் வந்தது. கரையூர்க்காரர்களும் பிறகு தீவுக்காரர்களும் மிஷனுக்குள் இழுக்கப்பட்டார்கள். நோய்கள் பெருவாரியாகக் கொன்றன. படகு கட்டவும் ஆளில்லை, சட்டி வாங்கவும் ஆளில்லை. சதுப்பைத் தூர்த்துத் துறைமுகமும் எண்ணெய்ச் சுத்திகரிப்பு ஆலைகளும் வந்துவிட்டன. டோங்வா மக்கள் இன்றும் இங்கேதான் இருக்கிறார்கள். ‘மூமாட் அஹிகோ’, கடலின் மூச்சு, என்ற பெயரில் ஒரு தியாத்தைக் கட்டிக் கடலில் இறக்கியிருக்கிறார்கள்.

பிமுவின் பாறைகளில் வட்டப் பள்ளங்களும், சட்டி உடைத்தெடுத்த மொட்டைத் தண்டுகளும் அப்படியே இருக்கின்றன. நடுவில் சில குமிழ்கள், சுற்றிலும் வெட்டி முடித்து, கழுத்து மட்டும் அறுபடாமல் பாறையோடு நிற்கின்றன.