இருபத்தெட்டு லட்சம் வீடு, அறுபது லட்சம் கணக்கு

சேலத்தில் ஒரு வங்கிக் கிளையின் வீட்டுக் கடன் பிரிவில் பல வருடங்களாக வேலை பார்க்கிறேன். என் மேஜைக்கு வருகிறவர்கள் கேட்பது பெரும்பாலும் இரண்டே கேள்விதான். "எவ்வளவு கிடைக்கும் சார்?", "மாசம் எவ்வளவு கட்டணும்?" செவ்வாய்ப்பேட்டையில் கொலுசுப் பட்டறை வைத்திருப்பவரும் இதைத்தான் கேட்கிறார், அழகாபுரத்தில் வாடகைக்கு இருக்கும் ஆசிரியரும் இதைத்தான் கேட்கிறார். வட்டி எத்தனை சதவீதம் என்பது மூன்றாவதாக வரும். கடனெல்லாம் அடைந்த பிறகு மொத்தம் எவ்வளவு கொடுத்திருப்போம் என்று யாரும் கேட்பதில்லை.

ஒருவர் கேட்டார். அம்மாபேட்டையிலிருந்து மகனோடு வந்திருந்த ஒரு அம்மா. தறி ஓட்டி மகனை டிப்ளமோ படிக்க வைத்தவர். மகனுக்கு ஒரு கம்பெனியில் வேலை. நான் தவணைத் தொகையைச் சொன்னதும், சம்பளத்தில் இவ்வளவு போனால் மீதி இவ்வளவு என்று மகன் மனதுக்குள் கழித்துப் பார்த்துவிட்டுத் தலையாட்டினார். அந்த அம்மா விடவில்லை. "அது சரி கண்ணு, முடியறப்ப மொத்தமா எவ்வளவு குடுத்திருப்போம்?" என்றார். அதற்கு அப்புறம், யார் வந்தாலும் அந்தத் தொகையைச் சொல்லிவிட்டுத்தான் தவணைப் பேச்சுக்குப் போகிறேன்.

25 லட்சம் கடன், 9 சதவீத வட்டி, 20 வருடம். மாதத் தவணை ஏறக்குறைய 22,493 ரூபாய். 240 மாதத்தில் கட்டுவது கிட்டத்தட்ட 54 லட்சம். அதாவது வாங்கியது 25, வட்டி மட்டும் 29 லட்சத்துக்குக் கொஞ்சம் குறைவு. இதைக் கேட்டதும் பலர் வங்கி ஏதோ ஏமாற்றுகிறது என்ற முகத்தோடு பார்ப்பார்கள். ஏமாற்று ஒன்றும் இல்லை. ஒவ்வொரு மாதமும் அன்றைக்கு நிற்கும் பாக்கிக்கு மட்டும்தான் வட்டி. ஆனால் முதல் மாதம் நிற்கும் பாக்கி முழு 25 லட்சம். அதற்கு ஒரு மாத வட்டி 18,750. கட்டிய 22,493-இல் அசலுக்குப் போவது 3,743 ரூபாய்தான்.

நம் ஊர்ப் பக்கம் வட்டியை ரூபாய்க் கணக்கில் பேசுவார்கள். நூற்றுக்கு மாதம் ஒரு ரூபாய், இரண்டு ரூபாய் என்று. அந்தக் கணக்கில் 9 சதவீதம் என்பது முக்கால் ரூபாய் வட்டி. "வெளியில ரெண்டு ரூபாய்க்கு வாங்கிப் பட்டறை நடத்தறேன், இது முக்கால் ரூபாய்தானே" என்று கொலுசுப் பட்டறைக்காரர் சந்தோஷப்படுவதில் நியாயம் இருக்கிறது. வட்டி குறைவுதான். ஆனால் இரண்டு ரூபாய் வட்டிக்கு வாங்கியவர் அடுத்த தீபாவளி ஆர்டருக்குள் அடைத்துவிடத் துடிப்பார். முக்கால் ரூபாய் வட்டிக்கு வாங்கியவர் இருபது வருடம் நிம்மதியாக இருக்கிறார். 29 லட்சம் அந்த நிம்மதியில்தான் சேர்கிறது.

இந்தக் கடனையே வருடக் கணக்கில் பார்க்கலாம். ஐந்து வருடம் ஒரு மாதம்கூடத் தவறாமல் கட்டினால் கையிலிருந்து போனது பதிமூன்றரை லட்சம். பாக்கி நிற்பது 22 லட்சத்து 17 ஆயிரம் சொச்சம். அசலில் குறைந்தது மூன்று லட்சம்கூட இல்லை. அசல் சரிபாதியாக, 12.5 லட்சத்துக்கு வர, 14 வருடம் ஆகும். மீதிப் பாதி ஆறே வருடத்தில் கரைந்துவிடும். ஐந்தாறு வருடம் கழித்து வீட்டை விற்க வேண்டி வந்தவர்கள் பாக்கிக் கணக்கு வாங்க வரும்போது, இவ்வளவு கட்டியும் இன்னும் இவ்வளவா என்று திகைத்துப் போவது இதனால்தான். கடன் வாங்கும் அன்றே இதைத் தெரிந்துகொள்ள வழி இருக்கிறது. 2024 அக்டோபர் 1 முதல் புதிய சில்லறைக் கடன்கள் எல்லாவற்றுக்கும், எல்லாச் செலவையும் சேர்த்த வருடாந்தர வீதமும் தவணை அட்டவணையும் அடங்கிய முக்கியத் தகவல் அறிக்கையை வங்கி தர வேண்டும் என்பது ரிசர்வ் வங்கியின் விதி. அந்த அட்டவணையில் முதல் பக்கத்தையாவது உட்கார்ந்து பாருங்கள் என்று வருகிறவர்களிடம் கெஞ்சாத குறையாகச் சொல்கிறேன். கையெழுத்துப் போடும் அவசரத்தில் பெரும்பாலோர் புரட்டுவதுகூட இல்லை.

அடுத்தது எத்தனை வருடம் என்ற கேள்வி. வருபவர்களின் கண் தவணை குறைவதில்தான் இருக்கும். "இன்னும் கொஞ்சம் வருசத்தை நீட்டிப் போடுங்க சார்." இதே 25 லட்சத்தை 30 வருடமாக்கினால் தவணை சுமார் 20,116. மாதம் 2,400 ரூபாய்க்குக் கொஞ்சம் குறைவாகத்தான் குறைகிறது, ஆனால் மொத்த வட்டி 47 லட்சத்தைத் தாண்டுகிறது. மாறாக 15 வருடமாக்கினால் தவணை 25,357. மாதம் 2,900 ரூபாய்க்கும் குறைவாகத்தான் கூடுகிறது, மொத்த வட்டி 20.6 லட்சத்தில் நிற்கிறது. இருபது வருடத்தோடு ஒப்பிட்டால் எட்டு லட்சத்துக்கு மேல் மிச்சம்.

அப்படியானால் எல்லோரும் 15 வருடம் போட்டுக்கொள்ள வேண்டியதுதானே? நான் அப்படிச் சொல்வதில்லை. அரசு வேலை, நிலையான சம்பளம் என்றால் சரி. சேலத்தில் பாதிப் பேரின் வருமானம் அப்படி இல்லை. வெள்ளி விலை தாறுமாறாக ஏறினால் கொலுசு ஆர்டர் படுத்துவிடும். ஜவ்வரிசி ஆலையில் வேலை கிழங்கு வரத்தைப் பொறுத்தது. இளம்பிள்ளைப் பக்கம் சேலை வியாபாரம் பண்டிகையை நம்பி ஓடுகிறது. இப்படிப்பட்டவர்கள் 20 வருடமே போட்டுக்கொண்டு, பணம் வரும் மாதத்தில் கூடுதலாகக் கட்டுவது நல்லது. தனிநபர் வாங்கும் மாறும் வட்டி வீட்டுக் கடனை முன்கூட்டியே அடைக்க அபராதம் கிடையாது. கட்டாயத் தவணையைத் தாங்கக்கூடிய அளவில் வைத்துக்கொண்டு, விருப்பத்தில் வேகமாக அடைக்கலாம். ஆனால் விருப்பம் என்று விட்டுவிட்டால் பலர் கட்டாமலே இருந்துவிடுகிறார்கள். அதையும் பார்க்கிறேன்.

கூடுதலாகக் கட்டும் பணம் எந்த வருடத்தில் போகிறது என்பதில்தான் எல்லாம் இருக்கிறது. அதே கடனில், முதல் வருட முடிவில் ஒரு லட்சம் சேர்த்துக் கட்டி, தவணையை மாற்றாமல் விட்டால், காலம் ஏறக்குறைய 22 மாதம் குறையும். மிச்சமாகும் வட்டி நான்கு லட்சம். அதே ஒரு லட்சத்தைப் பதினைந்தாவது வருட முடிவில் கட்டினால் ஏழு மாதத்துக்குக் கொஞ்சம் குறைவாகத்தான் குறையும், மிச்சம் ஐம்பதாயிரம் சொச்சம். வருடத்துக்கு ஒரே ஒரு தவணை கூடுதலாக, போனஸோ சீட்டுப் பணமோ வரும்போது கட்டிக்கொண்டே வந்தால், 20 வருடக் கடன் பதினாறரை வருடத்தில் முடியும். வட்டியில் ஐந்தே முக்கால் லட்சம் கைக்கு வரும்.

நம் ஆட்கள் செய்வது இதற்கு நேர் எதிர். முதல் ஐந்து வருடம் வீட்டுக்குக் கிரில், கார் ஷெட், மேல்மாடி என்று போனஸெல்லாம் போய்விடும். ஓய்வு பெறும் சமயம் கிராஜுவிட்டி வந்ததும் "லோனை முடிச்சிடலாம்" என்று வருவார்கள். அப்போது முடித்தால் மனதுக்கு நிம்மதி, பணத்தில் பெரிய லாபம் இல்லை. வட்டியின் பெரும்பகுதியை ஏற்கெனவே கட்டி முடித்திருப்பார்கள். இன்னொன்று, கூடுதல் பணம் கட்டும்போது தவணையைக் குறைக்க வேண்டுமா, காலத்தைக் குறைக்க வேண்டுமா என்று ஒரு கேள்வி வரும். வாயால் சொல்லிவிட்டுப் போகாமல், காலத்தைக் குறையுங்கள் என்று எழுதிக் கொடுத்து, புதிய அட்டவணையைக் கையில் வாங்கிக்கொண்டு போக வேண்டும்.

2022-ஐ நான் மறக்க மாட்டேன். அந்த வருடம் மே மாதத் தொடக்கம்வரை ரெப்போ விகிதம், அதாவது ரிசர்வ் வங்கி மற்ற வங்கிகளுக்குக் கடன் தரும் வட்டி, 4 சதவீதமாக இருந்தது. 2023 பிப்ரவரியில் 6.5. 2019 அக்டோபரிலிருந்து வங்கிகள் கொடுத்த புதிய மாறும் வட்டி வீட்டுக் கடன்கள் வெளி அளவுகோலோடு கட்டப்பட்டவை, பெரும்பாலும் ரெப்போவோடு. அதனால் ஏற்றம் அப்படியே கடன்காரர் தலையில் இறங்கியது. ஆனால் நிறையப் பேருக்குத் தவணை மாறவே இல்லை, காலம்தான் நீண்டது. கணக்கிலிருந்து பிடிக்கும் தொகை அதேதானே என்று அவர்கள் கவனிக்கவில்லை.

25 லட்சத்தை 7 சதவீதத்தில் 20 வருடத்துக்கு வாங்கியவரை எடுத்துக்கொள்வோம். தவணை 19,382. ஒரு வருடம் கட்டிய பிறகு பாக்கி 24 லட்சத்து 40 ஆயிரம். அந்த நேரத்தில் வட்டி 9.5 சதவீதம் ஆகிவிட்டது என்றால், அந்தப் பாக்கிக்கு மாத வட்டி மட்டும் 19,320. அசலுக்கு மிஞ்சுவது 62 ரூபாய். தவணையைத் தொடாமல் விட்டால் அந்தக் கடன் முடிய இன்னும் அறுபது வருடம் ஆகும். எந்த வங்கியும் அதுவரை விடாது, ஒரு கட்டத்தில் தவணையை ஏற்றித்தான் ஆக வேண்டும். ஆனால் அதற்குள் எத்தனை மாதம் வெறும் வட்டியாகவே போயிருக்கும் என்று யோசித்துப் பாருங்கள். இந்தக் கணக்கைத் தாளில் போட்டுக் காட்டியபோது, சூரமங்கலத்திலிருந்து வந்த ஒரு ரயில்வே ஊழியர் கொஞ்ச நேரம் பேசவே இல்லை. அடுத்த வாரமே வந்து தவணையை ஏற்றிக்கொண்டார்.

2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி இதற்கு ஒரு வழி செய்தது. வட்டி மாறும்போது அதனால் தவணையோ காலமோ எப்படி மாறுகிறது என்று கடன் வாங்கியவருக்குத் தெரிவிக்க வேண்டும். தவணையை ஏற்றுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கலப்பதா என்பதை அவர் தேர்ந்தெடுக்கலாம். காலத்தை நீட்டுகிறேன் என்று மாத வட்டிக்கே தவணை போதாத நிலைக்குக் கொண்டுபோகக் கூடாது. நல்ல விதி. ஆனால் குறுஞ்செய்தியைத் திறந்து படிப்பவர்களுக்குத்தான் அது பயன்படும். 2025-இல் ரெப்போ படிப்படியாக இறங்கியபோதும் நான் சொன்னது ஒன்றுதான்: வட்டி குறைகிறது என்று தவணையைக் குறைத்துக் கேட்காதீர்கள், பழைய தவணையையே கட்டுங்கள், காலம் தானாகச் சுருங்கும்.

அந்த 54 லட்சத்தில் சேராத செலவுகளும் இருக்கின்றன. 28 லட்சத்துக்கு வீடு, 25 லட்சம் கடன் என்றால் மூன்று லட்சம் கையிலிருந்து. தமிழ்நாட்டில் கிரயத்துக்கு முத்திரைத் தீர்வை 7 சதவீதம், பதிவுக் கட்டணம் 2 சதவீதம். 28 லட்சத்துக்கு இரண்டரை லட்சம் ஆகிவிடுகிறது. ஆக ஐந்தரை லட்சம். தவணைகளோடு சேர்த்தால் அறுபது லட்சத்தைக் கிட்டத்தட்ட எட்டிவிட்டோம், இன்னும் எம்.ஓ.டி. (வீட்டுப் பத்திரத்தை வங்கியில் அடமானமாக ஒப்படைத்ததற்கான ஆவணம்) பதிவு, வக்கீல் கருத்து, மதிப்பீட்டுக் கட்டணம், வீட்டு வரி எதையும் தொடவில்லை. அந்த ஐந்தரை லட்சத்துக்குப் பலர் நகையை வைக்கிறார்கள். அதற்கு வேறு வட்டி ஓடும், அதை யாரும் வீட்டுக் கணக்கில் எழுதுவதில்லை.

மனையை வாங்கிக் கட்டுபவர்களுக்கு வேறு ஒரு செலவு. பேஸ்மெண்ட், லிண்டல், ரூஃப், பூச்சு என்று கட்டம் கட்டமாகப் பணம் விடுவிக்கப்படும். முழுத்தொகையும் வரும்வரை, வாங்கிய அளவுக்கு வட்டி மட்டும் கட்டுவார்கள். சராசரியாகப் பாதித்தொகை வெளியே நிற்கிறது என்றால் மாதம் 9,375 ரூபாய், அசலில் ஒரு பைசா குறையாது. கொத்தனார் தகராறில் வேலை ஒரு வருடம் இழுத்தால் லட்சத்துக்கு மேல், கூடவே குடியிருக்கும் வீட்டின் வாடகை. ஆடியில் நிறுத்தி, தையில் பார்த்துக்கொள்ளலாம் என்பவர்களிடம் இந்தத் தொகையைத்தான் முதலில் எழுதிக் காட்டுவேன்.

காப்பீட்டு விஷயத்தில் எனக்கு உறுதியான கருத்து உண்டு. கடன் இருக்கும்போது ஆயுள் காப்பீடு அவசியம். ஆனால் ஒரே பிரீமியமாக ஒரு லட்சத்தைக் கடனோடு சேர்த்துவிட்டால், அந்த ஒரு லட்சத்துக்கும் 20 வருட வட்டி ஓடி 2.16 லட்சம் ஆகும். தனியாக டேர்ம் பாலிசி எடுத்து வருடா வருடம் கட்டுவதையும் விசாரித்துப் பார்த்துவிட்டு முடிவெடுங்கள்.

வாடகை கொடுப்பதைவிட இது மேல்தானே என்பார்கள். பல நேரம் மேல்தான். வாடகை ஏறிக்கொண்டே போகும், வீட்டின் விலையும் ஏறலாம், இருபதாவது வருடத்தில் கட்டும் 22,493 இன்றைய 22,493 அல்ல. இதையெல்லாம் நான் மறுக்கவில்லை. வரிச்சலுகையைக் காரணமாகச் சொல்பவர்களிடம் மட்டும் கொஞ்சம் நிறுத்திப் பேசுவேன். முதல் வருட வட்டி 2.23 லட்சம். பழைய வரி முறையில், சொந்தமாகக் குடியிருக்கும் வீட்டுக்கு இரண்டு லட்சம் வரைதான் கழிவு. புதிய முறையில் அதுவும் இல்லை.

கடன் முடிந்த பிறகு ஒரு வேலை பாக்கி இருக்கிறது, அதைப் பலர் விட்டுவிடுகிறார்கள். 2023 டிசம்பர் 1 முதல், கடன் முழுதாக அடைந்த 30 நாளுக்குள் அசல் பத்திரங்களை வங்கி திருப்பித் தர வேண்டும். வங்கியின் தவறால் தாமதமானால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு. பத்திரம் கைக்கு வந்ததும் பெட்டியில் வைத்துப் பூட்டிவிடாமல், எம்.ஓ.டி.யை ரத்து செய்யும் ரசீதை சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிந்துவிட்டு, புதிதாக ஒரு வில்லங்கச் சான்று போட்டுப் பாருங்கள். பதியாமல் விட்டால் அடைத்த கடன் வில்லங்கத்தில் நின்றுகொண்டே இருக்கும். மகள் கல்யாணத்துக்கோ மகன் படிப்புக்கோ வீட்டை விற்கவோ அடமானம் வைக்கவோ போகும் அவசரத்தில்தான் அது தெரியவரும். அதற்குள் கையெழுத்துப் போட வேண்டிய கிளையே வேறு கிளையோடு சேர்ந்திருக்கும். கடைசித் தவணை கட்டிய மாதத்திலேயே ஒரு நாள் விடுப்புப் போட்டு இதை முடித்துவிடுங்கள்.