ஞாயிற்றுக்கிழமை ஜூலியா

பிப்ரவரி 3
தூக்கம் வரவில்லை. ஜார்ஜ் ஆர்வெல் நாவலை வைத்து 1954இல் பிபிசி தயாரித்த ‘நைன்டீன் எய்ட்டி-ஃபோர்’ தொலைக்காட்சி நாடகத்தைப் போட்டேன். நடிகர் பீட்டர் குஷிங்குக்காகத்தான் உட்கார்ந்தது. ஆனால் நாயகி ஜூலியாவாக வந்த இவோன் மிட்செல் விடவில்லை. படுக்கும்போது மணி இரண்டு.

பிப்ரவரி 4
நேற்று பார்த்தது இரண்டாம் தடவை நடித்ததாம்! டிசம்பர் 12, ஞாயிறு இரவு முதலில் நேரலையாக நடித்தார்கள். சில காட்சிகள் மட்டும் முன்பே ஃபிலிமில் எடுத்தவை. கொடூரம் அதிகம் என்று புகார்கள் குவிந்து, விஷயம் நாடாளுமன்றம் வரை போனது. அப்படியும் 16ஆம் தேதி வியாழக்கிழமை மறுபடி போட்டார்கள். போட்டார்கள் என்றால் டேப்பை ஓடவிட்டது இல்லை. எல்லோரும் திரும்ப வந்து, வேஷம் கட்டி, முதல் வரியிலிருந்து நடித்தார்கள். வியாழக்கிழமை நடித்ததைத்தான் ஃபிலிமில் பதிந்தார்கள். ஞாயிற்றுக்கிழமை ஜூலியா அன்றைக்குப் பார்த்தவர்களோடு சரி.

பிப்ரவரி 6
‘தி டிவைடட் ஹார்ட்’. அதுவும் 1954தான். போரில் பிள்ளையைப் பறிகொடுத்த யூகோஸ்லாவியத் தாய். பிள்ளையோ ஜெர்மன் தம்பதியிடம் வளர்கிறான். பெற்றவளா, வளர்த்தவளா? உண்மையில் நடந்த வழக்கு. பெற்றவளாக நடித்த இவோனுக்கு பிரிட்டனின் பாஃப்டா திரைப்பட விருது. வளர்த்தவளாக நடித்த கார்னெல் போர்ச்சர்ஸுக்கும் பாஃப்டா. கதையில் பங்கு போட முடியாத வழக்கை விருதுக் குழு சரிபாதியாகத் தீர்த்துவிட்டது.

பிப்ரவரி 9
‘வுமன் இன் எ டிரெஸ்ஸிங் கவுன்’, 1957. இதற்குத்தான் பெர்லின் திரைப்பட விழாவில் சிறந்த நடிகைக்கான வெள்ளிக் கரடி விருது. ஏமி நாள் முழுக்க நைட்டியோடு திரியும் ரகம். ரேடியோ அலறுகிறது, காலைச் சாப்பாடு கருகுகிறது, எதை எங்கே வைத்தாள் என்று அவளுக்கே தெரியாது. கணவன் வேறொருத்தியோடு போகப்போகிறேன் என்கிறான். மோதிரத்தை அடகு வைத்து, சலூனில் தலைமுடியை அழகாகச் செய்துகொண்டு வெளியே வருகிறாள். கொட்டுகிறது மழை.

பின்னால் வந்து நின்ற அம்மா, “குடை எடுத்துக்கிட்டுப் போயிருக்கலாம்ல” என்றாள். சிரித்துவிட்டேன். அப்புறம் நனைந்த தலையோடு இவோன் ஓடுவதைப் பார்த்ததும் சிரிப்பு போய்விட்டது. அழகாகத் தெரியவேண்டும் என்ற கவலை துளிகூட இல்லாத நடிகை. அம்மா கடைசிவரை உட்கார்ந்து பார்த்தாள். வழக்கமாகப் பத்து நிமிடம் தாண்டாது.

பிப்ரவரி 10
வேலை. எதுவும் பார்க்கவில்லை.

பிப்ரவரி 12
‘சஃபையர்’, 1959. லண்டன் நிறவெறியைப் பற்றிய கொலைக்கதை. போலீஸ் விசாரணை சில இடங்களில் பாடம் நடத்துகிறது. இவோன் வரும் காட்சிகள் மட்டும் அப்படி இல்லை. அவர் யாராக வருகிறார் என்று எழுதினால் முடிவைச் சொன்ன மாதிரி ஆகிவிடும்.

பிப்ரவரி 13
1973இல் பிபிசியின் ‘ஷெரி’ தொடரில் நாயகி லியாவாக நடித்திருக்கிறார். நடித்ததோடு விடவில்லை. அந்தக் கதையை எழுதிய பிரெஞ்சு எழுத்தாளர் கொலெட்டின் வாழ்க்கையையே 1975இல் புத்தகமாக எழுதிவிட்டார். 1979இல் காலமானார். அந்தப் புத்தகத்தின் பழைய பிரதி ஒன்று விலைக்கு இருக்கிறது, அட்டை கிழிந்திருக்குமாம். ஆர்டர் போட்டுவிட்டேன்.